நடு வீட்டில் ஒரு கதிரை

அம்மா சுகர் கிளினிக்கிலிருந்து திரும்பி வந்தபோது கையில் மருந்துப் பை இருந்தது. பின்னால் ஒரு பெண் வந்தாள்.

தூறல் விழுந்துகொண்டிருந்த முற்பகல். கண்டியில் எங்கள் சந்து ஆஸ்பத்திரிக்குப் பின்னால் மேடேறிப் போகும். அம்மா மூச்சு வாங்கிக்கொண்டு படியேறி வந்துவிட்டாள். அந்தப் பெண் கீழே கேற்றடியிலேயே நின்றுவிட்டாள். வெளிறிப்போன ஊதாச் சேலை. கையில் ஒரு சொப்பிங் பை. செருப்பைக் கழற்றி மழையில் நனையவிட்டு, வெறுங்காலோடு நின்றாள்.

"பாப்பா, தண்ணி கொதிக்க வையி," என்றாள் அம்மா என்னிடம். "இது செல்வராணி. கலஹா பக்கம். வீட்டுக்காரர் வார்டுல இருக்காரு."

அவ்வளவுதான் அறிமுகம். எங்கள் வீட்டுக்கு அது போதுமானதாக இருந்தது.

முதல் நாள் இரத்தம் சோதிக்கப் போனபோதே அம்மா அவளை ஆஸ்பத்திரிக் குழாயடியில் பார்த்திருக்கிறாள். மறுநாளும் அதே குழாயடி, அதே சேலை. அம்மா பக்கத்தில் போய் உட்கார்ந்து பேச்சுக் கொடுத்திருக்கிறாள். கணவர் முருகேசு தேயிலைத் தோட்டத்தில் நிழல்மரத்துக் கிளை கழிக்க ஏறி, கிளையோடு கீழே விழுந்தவர். தொடை எலும்பு முறிந்து ஆபரேஷனுக்குக் காத்திருந்தார். ஆண்கள் வார்டில் பெண்கள் இரவு தங்க முடியாது. ஊருக்குப் போய்த் திரும்பினால் மத்தியானம் பார்க்கவிடும் நேரம் தவறிவிடுகிறது. அதனால் பஸ் ஸ்டாண்டில் உட்கார்ந்தே விடியவைத்திருக்கிறாள்.

"நம்ம வீடு இங்கனதான் இருக்கு, வா," என்று அம்மா கூட்டி வந்துவிட்டாள்.

யார் யாரோ வந்த வீடு

செல்வராணி முதல் ஆள் அல்ல. சென்ற சில வாரங்களாக இந்தப் பத்தியில் எங்கள் சந்தின் கதையை எழுதிவரும்போது, சந்துக்கு வரும் குரங்குகளுக்குக் கொடுத்த இடத்தை மனிதர்களுக்குக் கொடுக்கவில்லையே என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி.

ஆஸ்பத்திரிக்கு அருகில் வீடிருந்தால் சொந்தக்காரர்கள் பெருகுவார்கள். அப்பாவின் மாநகரசபை நண்பர்களின் ஊர்க்காரர்கள், பக்கத்து வீட்டு ஹாஜரா மாமிக்கு அக்குறணையிலிருந்து வரும் உறவுகள், அந்த உறவுகளுக்குத் தெரிந்தவர்கள். மாமி வீட்டில் இடம் இல்லாவிட்டால் எங்கள் வீடு. எங்கள் வீடு நிறைந்தால் மாமி வீடு. பின்வாசலில் இரண்டு வீட்டுக்கும் நடுவே இருந்த வேலியில் ஓர் ஆள் நுழையும் அளவு இடைவெளி எப்போதும் இருந்தது. அதை யாரும் அடைக்கவில்லை.

கிளிநொச்சியிலிருந்து ஒரு வாத்தியார் கண் ஆபரேஷனுக்கு வந்து தங்கினார். ஆஸ்பத்திரியில் துண்டு வெட்டி வீட்டுக்குப் போகவிட்ட அன்று காலை எல்லாரிடமும் சொல்லிக்கொண்டு, அம்மாவிடம் "சரி, வாறன்" என்று சொல்லிப் படியிறங்கினார். அம்மா மத்தியானம் அவருக்கும் சோறு எடுத்து மூடி வைத்தாள். வருகிறேன் என்றுதானே சொன்னார். மாலையில் அப்பா வந்து, அவர்கள் ஊரில் விடைபெறுவதே அப்படித்தான் என்று விளக்கிய பிறகுதான் மூடியைத் திறந்தாள். சில மாதங்கள் கழித்து அவர் கண் காட்ட வந்தபோது பனையோலையில் பொதிந்த பனங்கட்டிக் குட்டான் ஒன்றோடு வாசலில் நின்றார். சோற்றுக் கதையைக் கேட்டதும் சிரித்துவிட்டு, "நான் சொன்னனான்தானே வாறனெண்டு," என்றார்.

வருகிறவர்களை அம்மா தடபுடலாக உபசரித்ததில்லை. முதலில் ஒரு துவாயை எடுத்துக் கையில் கொடுப்பாள். ஆஸ்பத்திரி வாசம் உடம்பிலிருந்து போனால்தான் சோறு இறங்கும் என்பாள். வெந்நீர் விளாவி வைப்பாள். குளித்து வந்தவர்களிடம் நோயாளியைப் பற்றிக் கேட்க மாட்டாள். ரசத்துக்குப் புளி போதுமா, பருப்பு வெந்துவிட்டதா என்று ஏதாவது கேட்பாள். ஆஸ்பத்திரியில் பகல் முழுக்க எல்லோரும் நோயைப் பற்றியே கேட்டிருப்பார்கள். இங்கே ஒருத்தி புளியைப் பற்றிக் கேட்பாள். அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லும்போது அவர்கள் முகம் இளகுவதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன்.

கவிழ்த்து வைத்த கோப்பை

செல்வராணி துவாயை வாங்கிக்கொண்டாள். குளித்தாள். ஆனால் உள்ளே வரவில்லை.

பின்வாசல் படியில் உட்கார்ந்தாள். நான் கொடுத்த தேத்தண்ணியை அங்கேயே குடித்தாள். குடித்த கோப்பையைக் குழாயடியில் கழுவி, உள்ளே கொண்டுவராமல் படியின் ஓரத்தில் கவிழ்த்து வைத்தாள். சோற்றுத் தட்டையும் அப்படியே. முன்னறையில் நான்கு கதிரைகள் இருந்தன. அவள் அவற்றைப் பார்க்கக்கூட இல்லை. அம்மாவை "அம்மா" என்றே கூப்பிட்டாள். இருவருக்கும் ஏறக்குறைய ஒரே வயதுதான் இருக்கும்.

டவுனில் சில வீடுகளுக்கு வேலைக்குப் போன பழக்கமாக இருக்கலாம். யாரோ எப்போதோ அப்படிச் செய்யவைத்திருக்கிறார்கள்.

கவிழ்ந்திருந்த கோப்பையை அம்மா கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். மறுநாள் காலை தன்னுடைய கோப்பையையும் எடுத்துக்கொண்டு போய் அதே படியில், அவளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். இருவரும் சேர்ந்து குடித்தார்கள். அம்மா தன் கோப்பையையும் கழுவி, அவளுடையதற்குப் பக்கத்தில் கவிழ்த்து வைத்தாள்.

இரண்டொரு நாள் இப்படியே போனது. பிறகு ஒருநாள், இருவரும் குடித்துக்கொண்டிருக்கும்போதே மழை சடசடவென்று வந்தது. கண்டி மழை பின்வாசலைத் தேடித்தான் வரும். அம்மா எழுந்து உள்ளே வந்தாள். "கோப்பையோட வா புள்ள, சாயத்துல மழத்தண்ணி விழுது," என்றாள். அவள் வந்தாள். அதற்குப் பிறகு கோப்பைகள் உள்ளேயே கழுவப்பட்டன.

எனக்கு அப்போது வியப்பாக இருந்தது வேறொன்று. அந்தப் படியில் அம்மா பேசிய பேச்சு. செல்வராணி தான் கொழுந்து பறிக்கும் மலையின் நம்பரைச் சொன்னால், அம்மா அங்கே தேயிலைச் செடியைக் கவ்வாத்து வெட்டி எத்தனை காலம் என்று கேட்டாள். அட்டை கடித்தால் என்ன பூசுவது, கொழுந்துக் கூடை எந்தத் தோளில் உரசும், மழை நாளில் கட்டும் படங்குச் சாக்கு இடுப்பில் எப்படி நிற்கும் என்றெல்லாம் இருவரும் பேசினார்கள். அம்மா எங்களிடம் பேசும் குரல் அல்ல அது. கொஞ்சம் உரத்து, கொஞ்சம் இழுத்து, சொல்லுக்குச் சொல் "புள்ள" போட்டு, அவள் வேறு யாரோ மாதிரி இருந்தாள். இளமையாகவும் இருந்தாள்.

வத்தேகமச் சந்தை

இங்கே கொஞ்சம் பின்னால் போகவேண்டும்.

அம்மாவின் ஊர் வத்தேகம என்பதுதான் எங்களுக்குச் சொல்லப்பட்டது. அம்மாவுக்கு ஓர் அண்ணன், தங்கவேலு மாமா. அவரை நானும் தம்பியும் வத்தேகமச் சந்தையில்தான் சந்திப்போம். அம்மா எங்களைக் கூட்டிக்கொண்டு பஸ் ஏறுவாள். மரக்கறிக் கடைகள் முடியும் இடத்தில் மாமா வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு காத்திருப்பார். தேத்தண்ணிக் கடைக்குக் கூட்டிப் போய் எங்களுக்கு முதலை மாதிரி நீண்ட, சீனி தூவிய கிம்புலா பணிஸ் வாங்கித் தருவார். அம்மாவும் அவரும் மேசையின் ஓரத்தில் தலையைக் குனிந்து பேசுவார்கள். பஸ் புறப்படும்போது அம்மா ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வாள்.

மாமா எங்கள் வீட்டுக்கு வந்ததே இல்லை. நாங்கள் அவர் வீட்டுக்குப் போனதும் இல்லை. பிள்ளைகளுக்கு அது கேள்வியாகத் தோன்றாது. சில மாமாக்கள் வீட்டில் இருப்பார்கள், எங்கள் மாமா சந்தையில் இருந்தார்.

காரணத்தைப் பிற்பாடுதான் அப்பா சொன்னார். பதினெட்டு வயதில் அம்மா கண்டிக்கு வேலைக்கு வந்தது பார்வதி அத்தை வீட்டுக்காரரின் புடவைக் கடைக்கு. பார்வதி அத்தை அப்பாவின் அக்கா. கடைக்குப் போய்வந்த அப்பா அம்மாவைப் பார்த்து, கட்டினால் இவளைத்தான் கட்டுவேன் என்று நின்றார். அப்பாவுக்குத் தாய் தகப்பன் இல்லை. வளர்த்தவள் அத்தை. அவள் கடைசியில் சம்மதித்தாள், ஒரு நிபந்தனையோடு. தோட்டத் தொழிலாளர் குடியிருக்கும் லயத்தில் பிறந்தவள் என்பது வெளியே தெரியக்கூடாது. பெண் வீட்டு ஆட்கள் போக்குவரத்து வைத்துக்கொள்ளக்கூடாது. கேட்டால் வத்தேகம டவுன் என்று சொல்லிக்கொள்ள வேண்டியது.

அப்பாவும் சரி என்றார். அம்மாவும் சரி என்றாள். யார் யாரையோ வீட்டுக்குள் கூட்டிவந்து துவாய் கொடுத்த அம்மாவால் தன் கூடப்பிறந்த அண்ணனைக் கூட்டிவர முடியாமல் போனது இப்படித்தான்.

வெள்ளிக்கிழமை

பார்வதி அத்தை கட்டுகஸ்தோட்டையில் இருந்தாள். வெள்ளிக்கிழமைகளில் கோயிலுக்கு வந்துவிட்டு எங்கள் வீட்டில் தேத்தண்ணி குடித்துப் போவாள். கெட்டவள் என்று சொல்லமாட்டேன். எனக்கு முதல் தாவணி எடுத்துத் தந்தவள் அவள்தான். தம்பிக்குக் காய்ச்சல் என்றால் நேர்த்தி வைப்பவளும் அவள்தான். ஆனால் ஊர் என்ன சொல்லும் என்ற பயம் அவளுக்குச் சர்க்கரை வியாதி மாதிரி. விட்டுப்போகாது.

அந்த வெள்ளிக்கிழமை அவள் வந்தபோது செல்வராணி முன்னறையில் கதிரையில் உட்கார்ந்து முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தாள். அம்மாதான் அங்கே உட்காரவைத்திருந்தாள். பின்பக்கம் இருட்டு, கீரையில் புழு தெரியாது என்று காரணம் சொல்லியிருந்தாள். காலையில்தான் முருகேசுவுக்கு ஆபரேஷன் நல்லபடி முடிந்திருந்தது. செல்வராணி முகத்தில் வந்த நாளிலிருந்து முதல்முறையாகக் கொஞ்சம் தெளிவு இருந்தது.

அத்தை திருநீற்றுத் தட்டை மேசையில் வைத்தாள். யார் என்று கேட்டாள். அம்மா சொன்னாள். அத்தை குரலை உயர்த்தவில்லை. அம்மாவிடம் சாதாரணமாகத்தான் சொன்னாள்.

"ஒதவி செய்யிறது நல்லதுதான். பின்னால ஒரு எடத்துல இருந்துட்டுப் போகட்டும். தோட்டத்து ஆளுகள நடு வீட்டுல ஒக்கார வச்சா, நாளைக்குப் பொண்ணு கேட்டு வாறவங்க என்ன நெனப்பாங்க?"

பொண்ணு என்றது என்னை.

செல்வராணி கீரைச் சுளகை மெதுவாகத் தரையில் வைத்தாள். எழுந்தாள். உள்ளே போய்த் தன் பையை எடுத்துக்கொண்டு வந்தாள். அவள் முகத்தில் கோபம் இல்லை. இது எப்போதாவது வரும் என்று தெரிந்திருந்தவள் மாதிரி இருந்தாள். அதைத்தான் என்னால் பார்க்க முடியவில்லை.

அம்மா வாசலை மறித்து நின்றாள். "ஒக்காரு" என்று அவளிடம் சொன்னாள். பிறகு அத்தை பக்கம் திரும்பினாள். சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"அண்ணி, நானும் லயத்துல பொறந்தவதான். கல்லாத்துத் தோட்டம், மேற்பிரிவு. ஒங்களுக்குத் தெரியும். நான் இந்த வீட்டுல எங்க ஒக்காரணும்னு நீங்களே சொல்லுங்க."

பள்ளிக்கூட உடுப்போடு தம்பி உள்ளறை வாசலில் நின்றான். நான் அம்மாவையே பார்த்தேன். எனக்கு அதிர்ச்சி என்று எதுவும் இல்லை. பின்வாசல் படியில் கேட்ட அந்தக் குரலுக்கு ஓர் ஊர் கிடைத்தது போல இருந்தது, அவ்வளவுதான்.

அத்தை தேத்தண்ணி குடிக்கவில்லை. ஆனால் போகவும் இல்லை, அப்பா வரட்டும் என்று உட்கார்ந்திருந்தாள்.

அப்பா வேலை விட்டு வந்தார். அத்தை நடந்ததைச் சொன்னாள். கூட்டியோ குறைத்தோ சொல்லவில்லை, உள்ளதை உள்ளபடியே சொன்னாள். இவ்வளவு காலம் மூடி வைத்ததைப் பிள்ளைகள் முன்னால், ஊர் பேர் தெரியாத ஒருத்தி முன்னால் போட்டு உடைத்துவிட்டாளே என்றாள். அப்பா அம்மாவைப் பார்த்தார். செல்வராணியைப் பார்த்தார். குடையை எடுத்துக்கொண்டு, "அக்கா, மழை வரப்போகுது. பஸ் வரைக்கும் கொண்டுவந்து விடுறேன்," என்றார்.

இருவரும் படியிறங்கிப் போனார்கள். அம்மா அடுப்படியில் போய் உட்கார்ந்துவிட்டாள். அப்பா யார் பக்கம் என்று எங்களுக்குத் தெரியவில்லை. அவரிடமிருந்து ஒரு சொல் வாங்குவது எப்போதுமே கஷ்டம். செல்வராணி பையை மடியில் வைத்துக்கொண்டு கதிரையின் நுனியில் இருந்தாள். நான்தான் அவளிடமிருந்து பையை வாங்கி உள்ளே வைத்தேன்.

அப்பா நனைந்து திரும்பி வந்தார். குடை அத்தையோடு போயிருந்தது. தலையைத் துவட்டிக்கொண்டே அடுப்படி வாசலில் நின்று அம்மாவிடம் சொன்னார்:

"ஒங்க அண்ணனுக்குப் போன் போட்டுப் பேசினேன். ஞாயித்துக்கிழம வரச் சொல்லியிருக்கேன்."

"எங்க?" என்றாள் அம்மா.

"எங்கன்னா? இங்கதான்."

அம்மா அடுப்பைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். அப்பா நனைந்த சட்டையை மாற்றப் போய்விட்டார்.

அடுத்த நாள் காலை நாங்கள் எழும்போது வீடு முழுக்கத் தேங்காய் ரொட்டி சுடும் வாசம். அடுப்படியில் செல்வராணி நின்றாள். தொட்டுக்கொள்ளக் கட்டசம்பல் அரைத்தாகிவிட்டது. அம்மாவைப் பார்த்து, "ஒக்காருங்கக்கா, சூடா சாப்பிடுங்க," என்றாள். அக்கா என்று அவள் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

மாமா படியேறினார்

ஞாயிற்றுக்கிழமை தங்கவேலு மாமா வந்தார். அதே வெள்ளைச் சட்டை. தோளில் ஒரு சாக்கு. அதில் பூசணி, சவ்சவ், அவர் வீட்டுத் தோட்டத்து மரவள்ளி. கேற்றடியில் நின்று மேலே பார்த்தார். ஆள் இருக்கும் சத்தம் கேட்டும் கூப்பிடவில்லை.

அப்பா இறங்கிப் போனார். இருவரும் சரியாக முகம் பார்த்துப் பேசியது கலியாணத்தன்று, அதுவும் கோயில் மண்டபத்தில். அப்பா சாக்கை வாங்கிக்கொள்ளப் பார்த்தார். மாமா கொடுக்கவில்லை. இருவரும் ஆளுக்கொரு முனையைப் பிடித்துக்கொண்டு படியேறி வந்தார்கள்.

அப்பா மாமாவை உட்காரச் சொன்னார். மாமா நின்றார். "இருக்கட்டுங்க மச்சான்," என்றார். அப்பா உட்காராமல் தானும் நின்றார். அம்மா தேத்தண்ணி கொண்டுவந்து பார்த்தால் இரண்டு ஆண்களும் முன்னறையில் எதிரெதிரே நின்றுகொண்டிருக்கிறார்கள். "ரெண்டு பேரும் என்ன பஸ்ஸுக்கா நிக்கிறீங்க?" என்று கேட்டாள். அப்புறம்தான் உட்கார்ந்தார்கள்.

வேலி இடைவெளியால் ஹாஜரா மாமி ஒரு கிண்ணம் இனிப்பு வட்டிலப்பத்தோடு வந்தாள். புது ஆள் குரல் கேட்டு யார் வந்திருப்பது என்று விசாரித்தாள்.

"எங்க அண்ணன்," என்றாள் அம்மா. "தோட்டத்துல இருந்து வந்திருக்காரு."

"ஒங்கட நானாவா? அல்லாவே, இவ்வளவு நாளா எங்களுக்கு ஒரு வார்த்த செல்லல்லயே நீங்க," என்றாள் மாமி. போய் இன்னொரு கிண்ணமும் கொண்டுவந்தாள்.

மாமாவும் செல்வராணியும் பேசத் தொடங்கியதும் அரைமணி நேரத்துக்குள் உறவு கண்டுபிடித்துவிட்டார்கள். மாமா மனைவியின் சித்தப்பா மகளைக் கலஹாவில் செல்வராணி இருக்கும் தோட்டத்தில்தான் கட்டிக்கொடுத்திருந்தது. மலையகத்தில் இரண்டு பேர் உட்கார்ந்து தேத்தண்ணி குடித்தால் உறவு வந்துவிடும். உட்காரவைக்கத்தான் ஆள் வேண்டும்.

முருகேசுவைத் துண்டு வெட்டிவிட இன்னும் சில வாரங்கள் ஆயின. ஊன்றுகோலோடு படியேறி எங்கள் வீட்டுக்கு வந்து ஒருவேளை சாப்பிட்டுவிட்டுத்தான் போனார். கால் கொஞ்சம் இழுத்தது. மலை வேலைக்குப் போக முடியாது, தோட்டத்தில் வேறு வேலை தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள் என்றார். அவர்களை ஏற்றிய த்ரீவீலர் சந்து முனையைத் தாண்டும்வரை அம்மா கேற்றடியில் நின்றாள். அடுத்த சித்திரைத் திருவிழாவுக்கு நாங்கள் கலஹா போனோம். மாமாவும் குடும்பத்தோடு வந்தார். அந்தக் கதைக்குத் தனியாக ஓர் அத்தியாயம் வேண்டும்.

பார்வதி அத்தை சில வெள்ளிக்கிழமைகள் வரவில்லை. பிறகு வந்தாள், அப்பாவின் குடையோடு. நடந்ததைப் பற்றி அவளும் பேசவில்லை, அம்மாவும் பேசவில்லை. திருநீறு கொடுத்தாள். தேத்தண்ணி குடித்தாள். மாமா வந்திருக்கும் நாட்களில் இருவரும் மழையைப் பற்றி, மரக்கறி விலையைப் பற்றிப் பேசிக்கொள்வார்கள். அதற்கு மேல் போகாது. எனக்கு மாப்பிள்ளை வீட்டார் வந்தபோது, பெண்ணின் தாய்மாமன் என்று மாமாதான் முன்வரிசையில் இருந்தார். அத்தை ஒன்றும் சொல்லவில்லை.

போன வருடம்

அம்மா போன வருடம் காலமானாள். சர்க்கரைதான் கடைசியில் சிறுநீரகத்தில் கைவைத்தது. எந்த ஆஸ்பத்திரிக்கு வந்தவர்களுக்குச் சோறு போட்டாளோ, அதே ஆஸ்பத்திரியில்.

சந்து முழுக்க வெள்ளைக் கொடி. ஹாஜரா மாமி வீட்டிலிருந்து எல்லோருக்கும் தேத்தண்ணி வந்துகொண்டே இருந்தது. செல்வராணியும் முருகேசுவும் முதல் பஸ்ஸிலேயே வந்துவிட்டார்கள். அவளுக்கும் தலை நரைத்துவிட்டது. வந்தவள் நேரே அடுப்படிக்குப் போய், யாரிடமும் எதுவும் கேட்காமல் எது எங்கே இருக்கிறதோ அதை எடுத்து வேலையைப் பார்க்கத் தொடங்கினாள்.

பத்திரிகைக்கும் வானொலிக்கும் கொடுக்க மரண அறிவித்தல் எழுத வேண்டியிருந்தது. தம்பி தாளோடு உட்கார்ந்தான். ஊர் என்ன போடுவது என்று அவன் அப்பாவைக் கேட்கவும் இல்லை, கேட்காமல் எழுதவும் இல்லை. பேனாவைப் பிடித்துக்கொண்டிருந்தான். அப்பாதான் சொன்னார். சுவரைப் பார்த்துக்கொண்டு, ஒவ்வொரு சொல்லாகச் சொன்னார்.

"கல்லாத்துத் தோட்டம் மேற்பிரிவைப் பிறப்பிடமாகவும், கண்டியை வசிப்பிடமாகவும் கொண்ட..."

தம்பி எழுதினான். அப்பா பெயர், எங்கள் பெயர்கள், மருமகன், மருமகள், பேரப்பிள்ளைகள். எழுதி முடித்ததை ஒருமுறை உரக்க வாசித்தான்.

பார்வதி அத்தை அம்மாவின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். எண்பதைத் தாண்டிவிட்டாள். காது சரியாகக் கேட்பதில்லை. இன்னொருமுறை வாசிக்கச் சொன்னாள். தம்பிக்குத் தயக்கம். என்னைப் பார்த்தான். நான் தலையாட்டினேன். தோட்டத்தின் பெயரிலிருந்து தொடங்கி, இந்தமுறை இன்னும் உரக்க வாசித்தான். முற்றத்தில் நின்றவர்களுக்கும் கேட்டிருக்கும்.

அத்தை முடியும்வரை கேட்டாள். பிறகு தலையை அசைத்தாள்.

"தங்கவேலு பேரு விட்டுப்போச்சேடா," என்றாள். "அண்ணங்காரன் பேரு இல்லாம எப்படி? அதையும் போடு."